ஓய்வுபெற்றும் பணம் வரவில்லை: மனுவா, ஆர்.டி.ஐ.யா, ரிட்டா?

என் மனைவியின் அக்கா முப்பத்திரண்டு ஆண்டுகள் ஊராட்சி ஒன்றியப் பள்ளிகளில் ஆசிரியையாக இருந்து ஒரு மே 31 அன்று ஓய்வு பெற்றார். மாலை, சால்வை, குழுப் படம் எல்லாம் முடிந்தது. ஆகஸ்ட் முடிந்தும் பணிக்கொடை (கிராஜுவிட்டி) வரவில்லை. செப்டம்பரில் ஒரு கடிதம் வந்தது. பல ஆண்டுகளுக்கு முன் வழங்கிய ஊக்க ஊதியம் தவறு, அதனால் 3,42,000 ரூபாய் கூடுதலாகப் பெற்றிருக்கிறீர்கள், அந்தத் தொகையைப் பணிக்கொடையில் பிடித்தம் செய்ய உத்தேசிக்கப்பட்டுள்ளது என்று இருந்தது.

அன்று இரவு வீட்டில் ஆளுக்கொரு யோசனை. "சித்தப்பா, நேரா ஹைகோர்ட்டுக்கே போயிடலாம்" என்றான் அவர் மகன். முதலில் முதல்வர் தனிப்பிரிவுக்கு மனு போடுங்கள் என்றார் சங்கத்து நண்பர். பக்கத்து வீட்டுக்காரர் வேறு மாதிரி பயமுறுத்தினார்: "எதிர்த்தா பென்ஷனையும் சேர்த்து நிறுத்திடுவாங்கம்மா, கொடுக்கிறதை வாங்கிக்கிட்டுப் பேசாம இருங்க." அக்கா என்னைப் பார்த்தார். நான் இருபது ஆண்டுகளுக்கு மேல் அரசு அலுவலகத்தில் பணியமைப்புப் பிரிவில் இருந்தவன், ஓய்வூதியக் கருத்துருக்களை, அதாவது ஓய்வூதியம் வழங்கக் கோரும் ஆவணங்களை, தயாரித்து அனுப்பியவன். அந்தக் காகிதங்கள் எங்கே, ஏன் நிற்கின்றன என்று ஓரளவு தெரியும். அன்று அவருக்குச் சொன்னதையும், பிறகு அந்த வழக்கில் கற்றுக்கொண்டதையும் சேர்த்துத்தான் இதை எழுதுகிறேன். தமிழ்நாடு அரசின் பழைய ஓய்வூதியத் திட்டத்தில் இருப்பவர்களை மனதில் வைத்து எழுதுகிறேன். மற்றவர்களுக்கு எங்கே பாதை மாறுகிறது என்பதையும் இடையில் சொல்கிறேன். 2003 ஏப்ரல் 1 முதல் சேர்ந்தவர்களின் பங்களிப்பு ஓய்வூதியப் பிரச்சினை வேறு. அது கொள்கை சார்ந்த சண்டை, தனி மனு போட்டுத் தீராது.

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். உங்களுக்கு வந்திருப்பது மௌனமா, மறுப்பா? பணம் வரவில்லை, காரணமும் யாரும் சொல்லவில்லை என்றால் அது மௌனம். தர மாட்டோம், பிடித்தம் செய்வோம், குறைப்போம் என்று எழுத்தில் வந்துவிட்டால் அது மறுப்பு. மௌனத்துக்கு உரிய மருந்தை மறுப்புக்குக் கொடுத்தால் மாதங்கள் வீணாகும். மறுப்புக்கு உரியதை மௌனத்துக்குக் கொடுத்தால் பணமும் சேர்ந்து வீணாகும். நான் பார்த்த பலர் தோற்றதற்குக் காரணம் உரிமை இல்லாதது அல்ல, தவறான கதவில் காத்துக்கொண்டிருந்ததுதான்.

காகிதம் எங்கே நிற்கிறது?

மௌனத்திலிருந்து தொடங்குகிறேன், பெரும்பாலான பாதிப்பு அங்கேதான். ஓய்வூதியக் கருத்துரு மூன்று இடங்களைக் கடக்க வேண்டும். கடைசியாக வேலை பார்த்த அலுவலகம் தயாரித்து அனுப்புகிறது. சென்னை தேனாம்பேட்டையில் உள்ள மாநிலக் கணக்காயர் அலுவலகம், நாம் ஏ.ஜி. ஆபீஸ் என்பது, சரிபார்த்து ஓய்வூதியக் கொடுப்பாணையையும் பணிக்கொடை ஆணையையும் பிறப்பிக்கிறது. கருவூலம் பணத்தைத் தருகிறது. மூன்றில் எது நிறுத்துகிறது என்று தெரியாமல் மனு எழுதினால், அந்த மனு 'உரிய நடவடிக்கைக்காக' என்று கீழே இறங்கி, கடைசியில் நீங்கள் யார்மேல் புகார் சொன்னீர்களோ அதே மேசைக்கு வந்து சேரும். நானே அப்படி வந்த மனுக்களுக்கு 'நடவடிக்கையில் உள்ளது' என்று பதில் எழுதியிருக்கிறேன். அந்த ஒரு வரியோடு மேலே மனு முடித்துவைக்கப்பட்டுவிடும். இன்று அதை நினைத்தால் வருத்தமாக இருக்கிறது.

அலுவலகத்திலேயே நிற்பதற்கான காரணங்கள் பெரும்பாலும் சின்னவை. பணிப்பதிவேட்டில் ஏதோ ஓர் ஆண்டுக்குப் பணிச் சரிபார்ப்புப் பதிவு இருக்காது. முதல் நியமனத்தின் பணிவரன்முறை ஆணையோ தகுதிகாண் பருவம் முடித்த ஆணையோ ஒட்டப்பட்டிருக்காது. முன்பு வேலை பார்த்த ஊரிலிருந்து நிலுவையின்மைச் சான்று வந்திருக்காது. ஏ.ஜி. அலுவலகம் கேள்வி கேட்டுத் திருப்பி அனுப்பியிருக்கும், அந்தக் கேள்வி உங்கள் கண்ணுக்கே வந்திருக்காது.

ஆகவே மௌனத்துக்கு என் முதல் தேர்வு மனு அல்ல, தகவல் அறியும் உரிமைச் சட்டம் (ஆர்.டி.ஐ.). பத்து ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை, ஒரு தாள், முப்பது நாள் கெடு. ஆனால் கேட்கும் விதம் முக்கியம். "எனக்கு ஏன் இன்னும் பென்ஷன் தரவில்லை?" என்று கேட்டால், காரணம் சொல்வது தகவல் ஆகாது என்று தள்ளிவிடுவார்கள். காகிதத்தைக் கேளுங்கள். என் ஓய்வூதியக் கருத்துரு எந்தத் தேதியில், எந்தக் கோப்பு எண்ணில் (ந.க. எண்) அனுப்பப்பட்டது? திருப்பி அனுப்பப்பட்டிருந்தால் அந்தக் கடிதத்தின் நகல். அதன்மேல் எடுத்த நடவடிக்கையின் குறிப்புப் பக்கங்களின் நகல். என் பணிப்பதிவேட்டின் முழு நகல். இந்த நான்கும் போதும். பல நேரங்களில் பதில் வருவதற்கு முன்பே கருத்துரு கிளம்பிவிடும், ஏனென்றால் தாமதமான தேதியைத் தன் கையெழுத்தில் எழுதிக்கொடுக்க எந்த அலுவலருக்கும் மனம் வராது.

இதில் பலர் தடுக்கி விழும் இடம் ஒன்று உண்டு. ஏ.ஜி. அலுவலகம் மாநில அரசின் அலுவலகம் இல்லை, இந்தியக் கணக்குத் தணிக்கைத் துறையைச் சேர்ந்தது. அங்கே அனுப்பும் விண்ணப்பத்தில் நீதிமன்ற வில்லை ஒட்டினால் செல்லாது, அஞ்சல் ஆணை வைக்க வேண்டும். இல்லாவிட்டால் மத்திய அரசின் ஆர்.டி.ஐ. இணையதளம் வழியாகக் கட்டலாம்.

முப்பது நாளில் பதில் இல்லையென்றால் அடுத்த முப்பது நாளுக்குள் முதல் மேல்முறையீடு செய்யுங்கள். அதோடு நிறுத்திக்கொள்வது நல்லது. தகவல் ஆணையத்தில் இரண்டாம் மேல்முறையீடு செய்யலாம், ஆனால் அது விசாரணைக்கு வரும் காலத்தில் உங்கள் உண்மையான பிரச்சினை ஆறிப்போயிருக்கும். ஆர்.டி.ஐ. ஒருபோதும் பணம் வாங்கித் தராது. எங்கே நிற்கிறது என்று காட்டும், அப்புறம் நீதிமன்றம் போனால் கையில் ஆவணம் இருக்கும்.

மனு வழிகளைக் கேவலமாகச் சொல்லவில்லை. இடம் தெரிந்த பிறகு அவை நன்றாகவே வேலை செய்யும். மாவட்ட ஆட்சியர் அலுவலகத்தில் நடக்கும் ஓய்வூதியர் குறைதீர்க்கும் நாள் கூட்டத்தை நான் மற்றவற்றுக்கு மேலாக வைப்பேன். அங்கே துறை அலுவலர், கருவூல அலுவலர் எல்லாரும் ஒரே அறையில் உட்கார்ந்திருப்பார்கள், 'அங்கே நிற்கிறது, இங்கே நிற்கிறது' என்று பந்தைத் தட்டிவிட முடியாது. ஏ.ஜி. அலுவலகம் நடத்தும் ஓய்வூதியக் குறைதீர்ப்பு அதாலத்தும் அப்படித்தான். 1100 எண்ணிலும் முதல்வரின் முகவரித் தளத்திலும் போடும் மனு, கருவூலத்தில் வங்கிக் கணக்கு எண் தவறு, குடும்ப ஓய்வூதியத்தில் பெயர் எழுத்துப் பிழை போன்றவற்றுக்குச் சரியான வழி. ஆனால் சட்டக் கேள்வி ஒன்று நடுவில் இருந்தால், அதாவது இந்தப் பணிக்காலம் சேருமா, இந்த ஊதிய நிர்ணயம் சரியா என்பது போல இருந்தால், எந்த மனுவும் அதைத் தீர்க்காது. கீழே இருப்பவருக்கு அந்த அதிகாரமே கிடையாது.

இவ்வளவும் செய்து மூன்று நான்கு மாதங்களுக்குப் பிறகும் மௌனம்தான் என்றால், அப்போது நீதிமன்றம். அதைப் பற்றிச் சொல்லும் முன் அக்காவின் கடிதத்துக்குத் திரும்புகிறேன், அது இரண்டாம் வகை.

பிடித்தம் என்று எழுதி வந்தால்

அக்காவுக்கு வந்த கடிதத்தில் ஒரு சொல் முக்கியம்: 'உத்தேசிக்கப்பட்டுள்ளது.' அது இறுதி ஆணை இல்லை, விளக்கம் கேட்கும் அறிவிப்பு. அதன்மேல் உடனே உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டால், முதலில் பதில் கொடுத்துவிட்டு வாருங்கள் என்று நீதிமன்றம் அனுப்பிவிட வாய்ப்பு அதிகம். எனவே மகனை நிறுத்திவைத்தோம். பதினைந்து நாளுக்குள் ஒப்புகையோடு ஒரு பதில் அனுப்பினோம். அழுகை, வேண்டுகோள் எதுவும் அதில் இல்லை. சட்டம் மட்டும் இருந்தது.

அந்தச் சட்டம் என்ன? 2014 டிசம்பர் 18 அன்று பஞ்சாப் அரசு எதிர் ரஃபீக் மசீ வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அலுவலகத்தின் தவறால் கூடுதலாகப் போன சம்பளத்தைச் சில நிலைகளில் திரும்பப் பிடிக்கக் கூடாது. பணியாளர் கீழ்நிலைப் பிரிவுகளான சி, டி பிரிவைச் சேர்ந்தவராக இருந்தால் கூடாது. ஓய்வுபெற்றுவிட்டால், அல்லது ஓராண்டுக்குள் ஓய்வு பெறப்போகிறார் என்றால் கூடாது. பிடித்தம் செய்யும் ஆணைக்கு முன் ஐந்து ஆண்டுகளுக்கு மேலாக அந்தக் கூடுதல் தொகை வழங்கப்பட்டு வந்திருந்தால் கூடாது. உயர் பதவியின் வேலையை வாங்கிக்கொண்டு அதற்கான சம்பளத்தைக் கொடுத்துவிட்டுப் பின்னால் பிடிக்கக் கூடாது. பிடிப்பது அநியாயமாகவும் கடுமையாகவும் அமையும் என்று நீதிமன்றம் கருதும் மற்ற நிலைகளிலும் கூடாது. 2022-இல் தாமஸ் டேனியல் எதிர் கேரள அரசு வழக்கில் ஓய்வுபெற்ற ஓர் ஆசிரியருக்கு இதே நியாயம் கிடைத்தது. பணியாளர் பொய் சொல்லியோ மோசடி செய்தோ அந்தப் பணத்தைப் பெறவில்லை என்பதுதான் அடிப்படை.

ஆனால் இதில் ஒரு கண்ணி இருக்கிறது. 2016-இல் ஜக்தேவ் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்கு விலக்கு ஒன்றைச் சொன்னது. கூடுதலாக வந்தால் திருப்பித் தருகிறேன் என்று ஊதிய நிர்ணயத்தின்போது உறுதிமொழி எழுதிக் கொடுத்திருந்தால், ஓய்வுபெற்றவர் என்ற காரணம் மட்டும் காப்பாற்றாது. ஊதியக்குழு வரும்போதெல்லாம் விருப்பப் படிவத்தில் நாம் படிக்காமல் கையெழுத்துப் போட்டோமே, அதில் இந்த வரி இருக்கக்கூடும். அதனால் வழக்குக்குப் போகுமுன் அந்தப் படிவத்தைப் பார்த்தே ஆக வேண்டும். அக்காவின் பணிப்பதிவேட்டு நகலை ஆர்.டி.ஐ.யில் வாங்கியது இதற்காகத்தான். அவர் கொடுத்திருந்த உறுதிமொழி ஊதியக்குழு நிர்ணயத்துக்கு உரியது, பிரச்சினை வந்ததோ ஊக்க ஊதியத்தில். இரண்டும் வேறு. இந்த ஒரு பக்கம் இல்லாமல் போயிருந்தால் எதிர்த்தரப்பு வழக்கறிஞர் ஜக்தேவ் சிங் தீர்ப்பைத் தூக்கிக் காட்டியிருப்பார், எங்களிடம் பதில் இருந்திருக்காது.

இன்னொன்றையும் கவனியுங்கள். ரஃபீக் மசீ பழைய பணத்தைப் பிடிப்பதைத்தான் தடுக்கிறது. உங்கள் ஊதியத்தைச் சரியாகத் திருத்தி, அதன்படி ஓய்வூதியத்தை நிர்ணயிப்பதை அது அப்படியே தடுப்பதில்லை. ஊக்க ஊதியமே உங்களுக்கு உரியது என்று வாதாட வேண்டுமானால் அது தனி வாதம், அதற்குத் தனி ஆவணம் வேண்டும். பிடித்தம் மட்டும் நின்றால் போதுமா, ஓய்வூதியமும் குறையக் கூடாதா என்று முதலிலேயே முடிவு செய்துகொண்டு வழக்கறிஞரிடம் போங்கள். மாதம் 1,500 ரூபாய் குறைந்தால் வாழ்நாள் முழுக்க எவ்வளவு, பிறகு குடும்ப ஓய்வூதியத்தில் எவ்வளவு என்று ஒரு தாளில் கணக்குப் போட்டுப் பாருங்கள். சிலருக்குப் பிடித்தத் தொகையைவிட அந்தக் குறைவுதான் பெரிய இழப்பு.

எங்கள் பதிலை ஒரு வரியில் 'ஏற்க இயலாது' என்று தள்ளி, மூன்று மாதத்தில் செயல்முறை ஆணை வந்தது. மறுப்பு எழுத்தில் வந்துவிட்டது. இனி மேலே மேலே மனு போடுவதில் ஒரு பயனும் இல்லை. இதை அழுத்திச் சொல்கிறேன், ஏனென்றால் மறுப்பு ஆணையைக் கையில் வைத்துக்கொண்டு மூன்று ஆண்டுகள் முதலமைச்சருக்கும் செயலாளருக்கும் மனு போட்டுக்கொண்டிருந்தவர்களைப் பார்த்திருக்கிறேன்.

ரிட்: எதைக் கேட்பது?

மாநில அரசு ஊழியர் பணி வழக்குகளுக்கு ஒருகாலத்தில் தமிழ்நாடு நிர்வாகத் தீர்ப்பாயம் இருந்தது. இப்போது இல்லை. அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடுவதுதான் வழி. உங்கள் மாவட்டத்தைப் பொறுத்துச் சென்னை, அல்லது 2004 ஜூலையிலிருந்து இயங்கும் மதுரைக் கிளை.

ரிட் போடுவதிலும் இரண்டு வகை உண்டு, இந்த வேறுபாட்டை வழக்கறிஞர்கள் எல்லாரும் எடுத்துச் சொல்வதில்லை. ஒன்று, 'என் மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுங்கள்' என்று கேட்பது. இது சீக்கிரம் முடியும், சில நேரம் முதல் நாளிலேயே 'பன்னிரண்டு வாரத்தில் பரிசீலித்து முடிவெடுக்கவும்' என்று ஆணை வந்துவிடும். வீட்டில் எல்லாரும் ஜெயித்துவிட்டோம் என்று சந்தோஷப்படுவார்கள். பன்னிரண்டு வாரம் கழித்து அலுவலகம் பரிசீலித்து, நிராகரித்து ஆணை அனுப்பும். அதை எதிர்த்து இரண்டாவது ரிட், இரண்டாவது கட்டணம். இரண்டாவது வகை, ஆணையையே ரத்துசெய்து, பிடித்த பணத்தை வட்டியோடு தரச் சொல்லுங்கள் என்று கேட்பது. இது நாளாகும். அரசுத் தரப்பு பதில் மனு போடவே பல தவணை வாங்கும். ஆனால் முடிந்தால் முடிந்ததுதான்.

எனவே என் கணக்கு இது. காகிதம் நகராமல் இருப்பது மட்டும்தான் குறை, உரிமையில் தகராறு இல்லை என்றால் பரிசீலனை ரிட் நல்லது, மலிவும்கூட. மறுப்பு ஆணை வந்திருந்தால் பரிசீலனை ரிட்டைத் தொடவே வேண்டாம், நேராக ரத்து கேளுங்கள். கூடவே இடைக்காலத் தடையும், தகராறு இல்லாத மீதிப் பணிக்கொடையை விடுவிக்க உத்தரவும் கேளுங்கள். அக்காவுக்குப் பிடித்தம் போக மீதித் தொகை அப்படித்தான் ஆறு வாரத்தில் வந்தது, வழக்கு நிலுவையில் இருக்கும்போதே. ஏ.ஜி. அலுவலகத்தையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க மறக்கக் கூடாது. இல்லாவிட்டால் ஆணை கிடைத்த பிறகும் 'எங்களுக்கு உத்தரவு இல்லை' என்று அங்கே நிற்கும்.

பக்கத்து வீட்டுக்காரர் பயமுறுத்தினாரே, அதற்கும் பதில் சொல்லிவிடுகிறேன். வழக்குப் போட்டதற்காக ஓய்வூதியத்தை நிறுத்த எந்த விதியும் இல்லை. ஓய்வூதியம் என்பது அரசு விருப்பப்பட்டுப் போடும் பிச்சை இல்லை என்று 1982 டிசம்பர் 17 அன்று நகாரா வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு சொல்லிவிட்டது. அந்த நாளைத்தான் ஓய்வூதியர்கள் இன்றும் ஓய்வூதியர் தினமாகக் கொண்டாடுகிறார்கள். 2013-இல் ஜார்க்கண்ட் அரசு எதிர் ஜிதேந்திர குமார் ஸ்ரீவாஸ்தவா வழக்கில் இன்னும் தெளிவாகச் சொன்னது: ஓய்வூதியமும் பணிக்கொடையும் அரசியலமைப்பின் 300ஏ பிரிவின் கீழ் வரும் சொத்து, சட்ட விதி இல்லாமல் வெறும் நிர்வாக உத்தரவால் நிறுத்திவைக்க முடியாது. இதைத் தெரிந்துகொண்ட பிறகுதான் அக்காவின் முகத்தில் பயம் குறைந்தது.

ஜெயித்த பிறகும் வேலை இருக்கிறது. அரசு மேல்முறையீடு போகலாம். ஆணையை நிறைவேற்றாமலும் இருக்கலாம். நீதிமன்ற அவமதிப்பு வழக்குக்கு ஓராண்டுதான் கெடு, அந்தத் தேதியை நாட்காட்டியில் குறித்துவையுங்கள். பல இடங்களில் அவமதிப்பு அறிவிப்பு போன பிறகுதான் பணம் வருகிறது என்பது வேதனையான உண்மை.

17(பி) நிலுவையில் இருந்தால்

இது மூன்றாம் வகை, மிகவும் கொடுமையானதும் இதுதான். 17(பி) எனப்படும் ஒழுங்கு நடவடிக்கைக் குற்றச்சாட்டுக் குறிப்பாணை நிலுவையில் இருக்கும்போது ஓய்வுபெறும் வயது வந்தால் பணிக்கொடை நிற்கும், இடைக்கால ஓய்வூதியம் மட்டும் கிடைக்கும். தற்காலிகப் பணிநீக்கத்தில் இருந்தால் ஓய்வுபெறவே அனுமதிக்க மாட்டார்கள். கடைசி நாளில் தற்காலிகப் பணிநீக்க ஆணை கொடுக்கும் வழக்கத்தைக் கைவிடச் சொல்லி 2021-இல் மாநில அரசே ஆணை பிறப்பித்தது. அதை எடுத்துக்காட்டலாம்.

இங்கே விதி இருப்பதால், நிறுத்திவைத்ததே தவறு என்று வாதாடுவது பெரும்பாலும் எடுபடாது. மூன்று விஷயங்களைத்தான் பார்க்க வேண்டும். குறிப்பாணை ஓய்வுபெறும் முன் கொடுக்கப்பட்டதா, பின்னரா? பின்னர் என்றால் தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள் 1978-இன் 9-ஆம் விதியின்படி அரசின் அனுமதி வேண்டும், சம்பவம் நான்கு ஆண்டுக்கு முந்தியதாக இருக்கக் கூடாது. இதில் ஒன்று தவறினாலும் குறிப்பாணையையே ரத்து கேட்கலாம், அது வலுவான வழக்கு. முன்பே கொடுக்கப்பட்டது என்றால், விசாரணையை முடிக்கக் கெடு கேட்டு ரிட் போடுவதுதான் நடைமுறைக்கு ஏற்றது. 2015-இல் பிரேம் நாத் பாலி வழக்கில், துறை விசாரணையை ஆறு மாதத்துக்குள், அதிகபட்சம் ஓராண்டுக்குள் முடிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது கைகொடுக்கும். மூன்றாவது, இடைக்கால ஓய்வூதியமாவது வருகிறதா? அதையும் தராமல் இழுத்தால் அதற்குத் தனியாக உடனே கேளுங்கள். வழக்கு பெரிது என்று அடுப்பு எரியாமல் காத்திருக்க முடியாது.

உங்கள் முதலாளி வேறு என்றால்

மத்திய அரசு ஊழியர்களுக்கு ரிட் முதல் வழி இல்லை. மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வுக்குத்தான் போக வேண்டும். விண்ணப்பக் கட்டணம் 50 ரூபாய். துறைக்குள் மேல்முறையீடு செய்து ஆறு மாதம் பார்த்த பிறகு, அடுத்த ஓராண்டுக்குள் போட வேண்டும் என்ற கெடு கறாரானது. அங்கே தோற்றால் உயர் நீதிமன்ற இரு நீதிபதிகள் அமர்வுக்குப் போகலாம் என்பது 1997-இன் சந்திரகுமார் தீர்ப்பு. மத்திய ஓய்வூதியர்களின் இணையவழிக் குறைதீர்ப்புத் தளம் மாநிலத்தைவிடப் பரவாயில்லை என்பது என் அனுபவம். அங்கே முதலில் முயலலாம்.

போக்குவரத்துக் கழகத் தொழிலாளர்களின் நிலை தனி. அவர்கள் அரசு ஊழியர் இல்லை. அதுவே பணிக்கொடை விஷயத்தில் அவர்களுக்கு ஒரு வலு. 1972-ஆம் ஆண்டுப் பணிக்கொடைச் சட்டம் அவர்களுக்குப் பொருந்தியது, அந்தச் சட்டம் 2025 நவம்பரில் சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டத்துக்குள் வந்துவிட்டது. முப்பது நாளில் பணம், தாமதித்தால் வட்டி, தொழிலாளர் துறையின் அதிகாரியிடமே நேரடியாக விண்ணப்பம் என்பதுதான் ஏற்பாடு. வக்கீல் இல்லாமலும் போகலாம், பழைய சட்டத்தில் 10 விழுக்காடு வட்டி. ரிட்டைவிட இதுதான் அவர்களுக்குச் சரியான முதல் கதவு. நகராட்சி ஊழியர்களுக்கும் அந்தப் பழைய பணிக்கொடைச் சட்டம் பொருந்தும் என்று 2019-இல் கான்பூர் மாநகராட்சி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

நுகர்வோர் நீதிமன்றம் போகலாமா என்று பலர் கேட்கிறார்கள். அரசு ஊழியருக்கு வேண்டாம். 2013-இல் ஜக்மித்தர் செயின் பகத் வழக்கிலேயே அந்தக் கதவு மூடப்பட்டுவிட்டது. பல ஆண்டுகள் நடத்தி ஜெயித்தாலும் அதிகார வரம்பு இல்லை என்ற ஒரே காரணத்தில் தூக்கி எறியப்படும்.

காலமும் வட்டியும்

தாமதத்தைப் பற்றி இரண்டு தீர்ப்புகள் தெரிந்திருந்தால் போதும். மாதாமாதம் ஓய்வூதியம் குறைவாக வருவது தொடர்ந்து நடக்கும் தவறு, அதற்கு எப்போதும் வழக்குப் போடலாம். ஆனால் நிலுவைத் தொகை வழக்குக்கு முந்திய மூன்று ஆண்டுகளுக்குத்தான் கிடைக்கும் என்பது 2008-இன் தர்சேம் சிங் தீர்ப்பு. பத்தாண்டு தூங்கியவருக்கு ஏழாண்டுப் பணம் போய்விடும். அதே 2008-இல் சி. ஜேக்கப் வழக்கில், செத்துப்போன கோரிக்கைக்குப் புதிதாக மனு போட்டு, அது தள்ளப்பட்ட தேதியிலிருந்து காலத்தைக் கணக்கிட முடியாது என்றும் சொல்லப்பட்டது. மனு போட்டுக்கொண்டே இருந்தால் காலம் நிற்கும் என்று நம்பி இருப்பவர்கள் இதைப் படிக்க வேண்டும்.

வட்டியைக் கேட்காமல் விட்டுவிடாதீர்கள். விதியில் எழுதியிருக்காவிட்டாலும் தாமதமான ஓய்வுக்காலப் பலனுக்கு வட்டி கேட்கலாம் என்று எஸ்.கே. துவா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. மனுவிலேயே, முதல் கடிதத்திலேயே வட்டி என்ற சொல் இருக்கட்டும். பின்னால் கேட்டால் முதலில் கேட்கவில்லையே என்பார்கள்.

செலவு பற்றித் தயங்குபவர்களுக்கு ஒன்று. பெண்களுக்கும், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச சட்ட உதவி உண்டு. 15100 என்ற எண்ணில் கேட்கலாம். உயர் நீதிமன்றத்திலும் அதற்கான குழு இருக்கிறது. ஓய்வுபெற்ற ஆசிரியைகளும் அங்கன்வாடி, செவிலியர் பணியிலிருந்து வந்த பெண்களும் இதைத் தெரியாமலே நகையை அடகு வைத்து வழக்கு நடத்துகிறார்கள்.

அக்காவின் வழக்கு ஒரு வருடம் ஏழு மாதம் நடந்தது. பிடித்தம் செய்யும் ஆணை ரத்தாயிற்று. 3,42,000 ரூபாயையும் வட்டியோடு எட்டு வாரத்தில் தரச் சொல்லி உத்தரவு வந்தது. எட்டு வாரத்தில் வரவில்லை. அவமதிப்பு அறிவிப்பு போன பிறகு, பதினைந்தாவது வாரத்தில் வந்தது. ஊக்க ஊதியமே சரிதான் என்ற இரண்டாவது கோரிக்கையை நீதிமன்றம் ஏற்கவில்லை, அதனால் அவருடைய மாத ஓய்வூதியம் கொஞ்சம் குறைந்துதான் இருக்கிறது. அதன்மேல் மேல்முறையீடு வேண்டாம் என்று அவரே முடிவு செய்தார்.

தீர்ப்பு நகல் கைக்கு வந்த மறுநாள் அவர் தன் பழைய பள்ளிக்குப் போனார். அடுத்த ஆண்டு ஓய்வுபெறவிருந்த இரண்டு ஆசிரியைகளை உட்காரவைத்து, பத்து ரூபாய் வில்லை ஒட்டி, பணிப்பதிவேட்டு நகல் கேட்டு அவர்கள் பெயரில் விண்ணப்பம் எழுத வைத்துவிட்டுத்தான் வீட்டுக்கு வந்தார்.